நான் இல்லை என்று நினைத்துக்கொள்ளுங்கள்

பிப்ரவரி 2

ஏ புஸ்வாணம்,

இப்படித்தான் கூப்பிடுவேன். செத்துப்போய்விட்டாய் என்பதற்காகத் திடீரென்று மரியாதை கொடுத்தால், வேறு யாரையோ கூப்பிடுகிறேன் என்று நினைத்துத் திரும்பிப் படுத்துக்கொள்வாய்.

எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் பிலோமினா. கேஸ் லைட்டரை எங்கே வைத்தாய் என்று நேற்று உன்னைக் கொஞ்சம் சத்தமாகக் கேட்டுவிட்டேன். வாரியம் கட்டின சுவர்தான் உனக்குத் தெரியுமே, இங்கே தும்மினால் பக்கத்து வீட்டில் "நூறு ஆயுசு" என்பார்கள். ஓடி வந்துவிட்டாள்.

"எக்கா, யாராண்ட பேசினுகிற?"

"உங்க அண்ணனாண்டதான்."

"ஐயோ ஏசப்பா! பாஸ்டரை இட்டாரட்டா? தலையில கை வச்சி ஜெபம் பண்ணா எல்லாம் போய்டும்."

"அவரே போய்ட்டாரு. இன்னும் இன்னாத்த போவ வெக்கப்போற?"

அதனால் இனிமேல் எழுத்துதான். எழுத்து சுவர் தாண்டாது. ஆறாம் வகுப்போடு நின்றவளுக்கு இந்தக் கோணல் கையெழுத்துப் போதும், படிக்கப்போவது நீதானே. டைரியும் உன்னுடையதுதான். புது வருஷத்துக்கு நீ பிளாட்பாரத்தில் வாங்கிவந்த பழைய வருஷ டைரி. "தெனம் ஒரு நல்ல விசயம் எழுதப்போறேன்" என்று மார்தட்டினாய். முதல் பக்கத்தில் கஜேந்திரன் என்று எழுதி, கீழே ஒரு கோடு வேறு போட்டிருக்கிறாய். அதற்கப்புறம் வெள்ளையோ வெள்ளை. கிழமையெல்லாம் தப்பாக அச்சாகியிருக்கும். தேதியை மட்டும் பார்த்துக்கொள்.

உனக்குப் புஸ்வாணம் என்று நான் பேர் வைத்தது தப்பா, சொல். மூக்கால் ஒரு இழு இழுப்பாய், விசில் மாதிரி. அப்புறம் நாக்கை மேலே ஒட்டி ஒரு 'டக்'. "ஏ தேசம், முக்கியமான மேட்டரு ஒண்ணு." தேசம்மா என்ற என் பேரில் பாதிதான் உன் வாயில் வரும். நான் கை வேலையை விட்டுவிட்டு நிற்பேன். நீ யோசிப்பாய். தலையைச் சொறிவாய். "இன்னாவோ சொல்ல வந்தேனே." அவ்வளவுதான், புஸ்.

டீக்கடையிலும் அதையேதான் செய்தாயாம். பாதிக் கதையில் நிறுத்தினாயாம். வழக்கம்போல யோசிக்கிறாய் என்று எல்லோரும் உன் வாயைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்களாம். டீ ஆறினபிறகுதான் மாஸ்டருக்குச் சந்தேகம் வந்ததாம்.


பிப்ரவரி 3

உன் போட்டோ வந்துவிட்டது. வாக்காளர் அட்டையைக் கொடுத்துப் பெரிதாக்கச் சொன்னேன். ஸ்டுடியோக்காரன் உனக்குக் கோட்டு மாட்டிவிட்டிருக்கிறான். டை வேறு. முடி கன்னங்கறுப்பு, உதட்டில் ரோஸ், பின்னால் ஒரு அருவி. மீன்பாடி வண்டி மிதித்தவன் பேங்கு மேனேஜர் மாதிரி நிற்கிறாய்.

"இன்னாபா இது? யாரு இந்த ஆளு?" என்று கேட்டேன்.

"செத்தவங்க எல்லாருக்கும் கோட்டுதாம்மா போடறோம். அதான் மரியாதை."

ஆணியடித்து மாட்டியாயிற்று. விளக்கேற்றப் போனால் கூச்சமாக இருக்கிறது, வேற்று ஆம்பளை எதிரில் நிற்கிற மாதிரி.

வேறு படம் இல்லை. நம் இரண்டு போனும் பட்டன் போன். பிலோமினா மகள் கல்யாண வீடியோவில் இருப்பாய் என்று போட்டுப் பார்த்தோம். பந்தியில் சாம்பார் ஊற்றினாயே, உன் முழங்கை வருகிறது. வாளி வருகிறது. முகம் வருவதற்குள் மாப்பிள்ளையின் தாய்மாமன் குறுக்கே வந்து நின்றுவிட்டார். நல்ல தடியர்.

தாடையில் உனக்கு இருந்த மச்சம் எந்தப் பக்கம் என்று இன்றைக்கு ஒரு சின்னக் குழப்பம். தூக்கம் சரியில்லை, அதனால்தான்.


பிப்ரவரி 5

ஹெல்கா துக்கம் விசாரிக்க வந்தாள். ஜெர்மன்காரி அழுதால் மூக்கு மட்டும்தான் சிவக்கிறது, சத்தமே இல்லை. துக்கத்துக்கு வந்தவள் ஒரு ஒப்பாரி வைத்தால் குறைந்தா போய்விடுவாள்?

ஆற்றோரத்திலிருந்து அள்ளிவந்து ஏழாம் மாடியில் அடுக்கிய சனங்கள் எப்படிப் பிழைக்கிறார்கள் என்று படம் எடுக்கிறாளே, அதில் பாட்டு கிடையாது, சண்டை கிடையாது, பின்னால் பேசுகிற குரல்கூடக் கிடையாது. சும்மா பார்ப்பாள். நம் வீட்டிலிருந்து குடங்கள் வரிசையாக நிற்கிறதை ஒரு நாள் பூராவும் பார்த்தாள். சும்மா பார்ப்பதற்கு ஜெர்மனியிலிருந்து ஏரோப்ளேன் ஏறி வரவேண்டுமா? மூன்றாம் மாடி மூர்த்தி வேலைவெட்டி இல்லாமல் அதைத்தானே செய்துகொண்டிருக்கிறான்?

முதல் நாள் அவர்கள் வந்தது ஞாபகம் இருக்கிறதா? ஹெல்கா இங்கிலீஷில் சொல்லச் சொல்ல, கூட வந்த மெட்ராஸ் பெண் ஆதிரை தமிழில் சொன்னாள்.

"அக்கா, நாங்க இல்லேன்னு நினைச்சுக்கங்க. கேமராவைப் பாக்காதீங்க. நடிக்காதீங்க. தினமும் எப்படி இருப்பீங்களோ அப்படியே இருங்க."

பத்துக்குப் பத்து வீடு. அதில் ஆறடி உயர வெள்ளைக்காரி ஒருத்தி கேமராவோடு. காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, அவளுக்குச் சத்தம் பிடிக்கிற ஊவே. அவன் கையில் நீளக் கழி, கழியின் நுனியில் செத்த பூனையைச் செருகி வைத்த மாதிரி ரோமம் வைத்த மைக். இவர்கள் இல்லையாம்.

சரி, நான் நினைத்துக்கொண்டேன். நீ நினைத்துக்கொண்டாயா? மறுநாள் காலை பவுடர் அப்பிக்கொண்டு, இஸ்திரி போட்ட சட்டையில், தொப்பையை எக்கிக்கொண்டு, என் பாத்திரங்களைத் தேய்க்க உட்கார்ந்தாய். கல்யாணம் ஆன நாளிலிருந்து ஒரு டம்ளரை இடம் மாற்றி வைத்தவனில்லை. பிலோமினா வாசலில் நின்று வாயைப் பிளந்தாள்.

"எக்கா, அண்ணனுக்கு ஒடம்பு ஏதும் சரியில்லையா?"

ஹெல்கா அவசரப்படவில்லை. கேமரா இருப்பதை நீ மறக்கும் வரைக்கும் காத்திருப்பாளாம். அதுதான் அவளுடைய வழியாம். மாதக்கணக்கில் காத்திருந்தாள், பாவம். பவுடர்தான் தீர்ந்தது.


பிப்ரவரி 6

தண்ணீர் லாரி வரவில்லை. நேற்று ஊறப்போட்ட துணி நாறுகிறது.


பிப்ரவரி 8

உன் பதினாறாம் நாள்.

கண்ணாடி வளையலை உடைக்க உன் அத்தை கிளம்பிவிட்டாள். உடைத்தால் கூட்டுகிறவள் யார்? நானே கழற்றிக் கொடுத்துவிட்டேன். கை இலேசாக இருக்கிறது. பாத்திரம் தேய்க்க வசதி.

மொட்டைமாடியில் படையல். வஞ்சிரக் கருவாடு, மசால் வடை, உன் பீடிக்கட்டு. ஹெல்கா ஒரு மூலையில் கேமராவோடு, ஊவே இன்னொரு மூலையில் பூனையோடு. எல்லோரும் கா கா என்று கத்துகிறார்கள். ஒரு காக்கா வரவில்லை. தண்ணீர்த் தொட்டிமேல் உட்கார்ந்து ஊவேயின் கழியையே பார்த்துக்கொண்டிருக்கின்றன. அவன் கழியை அசைத்தால் இரண்டடி தள்ளிப்போய் உட்காருகின்றன.

"கஜாக்கு இன்னாவோ மனக்கொறை. அதான் வரமாட்டேங்கறான்" என்று உன் அத்தை மூக்கைச் சிந்தினாள்.

நான் ஆதிரையைக் கூப்பிட்டேன். "பாப்பா, காக்காகிட்டயும் சொல்லும்மா. நீங்கல்லாம் இல்லேன்னு நெனச்சிக்கச் சொல்லு."

அவள் அதை மொழிபெயர்க்கவில்லை. ஆனாலும் ஊவேவுக்கு என்னவோ புரிந்தது. கழியைக் கீழே போட்டு அதன்மேலேயே சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டான். அதற்கப்புறம்தான் ஒன்று வந்து வடையைத் தூக்கியது. கருவாட்டைத் தொடவில்லை. நீயாக இருந்தால் முதலில் கருவாடுதான். ஆகையால் அது நீ இல்லை என்று எனக்குத் தெரியும். அத்தையிடம் சொல்லவில்லை.


பிப்ரவரி 9

புத்தி இன்றைக்குத்தான் வேலை செய்தது. வாக்காளர் அட்டை, முழங்கை என்று தேடிக்கொண்டிருக்கிறேனே, உன்னை மாதக்கணக்கில் படம் பிடித்தவள் கீழே லிஃப்ட் பக்கத்தில் நிற்கிறாள். நீ நடக்கிறது, உட்காருகிறது, பேசுகிறது எல்லாம் அவள் பெட்டிக்குள் இருக்கிறது. போய்க் கேட்டேன்.

"அவரை ஒரு தபா பாக்கணும் பாப்பா. கோட்டு இல்லாம."

ஆதிரை ஹெல்காவிடம் சொன்னாள். ஹெல்கா என் கையைப் பிடித்துக்கொண்டாள். பிடித்துக்கொண்டே முடியாது என்று சொன்னாள்.

"படம் முடியறதுக்கு முன்னாடி அதுல இருக்கறவங்க யாருக்கும் காட்டமாட்டாங்கக்கா. அவங்களோட ரூல் அது. தன்னையே ஒரு தடவ பாத்துட்டா, அப்புறம் யாரும் எப்பவும் போல இருக்க மாட்டாங்களாம். நடிக்க ஆரம்பிச்சுடுவாங்களாம்."

"படம் எப்ப முடியும்?"

"ஷூட்டிங் இந்த மாசக் கடைசியோட சரி. அப்புறம் ஜெர்மனியில எடிட்டிங். ரெண்டு வருஷம் ஆகலாம்."

"ரெண்டு வருசமா? ஆத்தோரத்துல வூட்ட இடிக்க வந்தவங்க ஒரு நாள்ல முடிச்சாங்களே."

ஹெல்கா என்னவோ மெதுவாகச் சொன்னாள். அவள் ஏன் யாரையும் பேட்டி எடுப்பதில்லை என்று விளக்கமாம். கேள்வி கேட்டால் பதில்தான் கிடைக்குமாம், உண்மை கிடைக்காதாம்.

நல்ல கதை. எனக்கு உண்மை வேண்டாம் தாயே, என் புருஷன் முகம்தான் வேண்டும்.


பிப்ரவரி 11

லிஃப்ட் ஓடுகிறது! நாலு மாதமாகப் படுத்துக்கிடந்தது. ஹெல்கா அதன் எதிரில் கேமராவை வைத்துவிட்டுத் தினம் நின்றதும் யாரோ மேலே போன் போட்டிருக்கிறார்கள். காலையிலேயே பேண்ட் சட்டை போட்டவர்கள் வந்து எண்ணெய் விட்டு, பெயிண்ட் அடித்து, வாழைமரம் கட்டாத குறைதான். நாங்கள் ஏறி இறங்கி விளையாடுகிறோம். ஹெல்கா முகத்தில் ஈயாடவில்லை. லிஃப்ட் ஓடாததைத்தானே அவள் எடுக்க வந்தாள்.

லாரியடியிலும் இதே கதி. குடத்தால் மண்டையை உடைத்துக்கொள்கிறவர்கள் கேமராவைக் கண்டதும், "நீ புடிம்மா மொதல்ல", "ஐய, நீ புடி, பெரியவ நீ" என்று கல்யாண வீட்டுச் சம்பந்திகள் மாதிரி. எப்பவும் போல இருக்கிறார்களாம்!

நீ அந்த அரிசி மூட்டையை லிஃப்டில் கொண்டுவந்திருக்கலாம். ஒரு மாதம் முன்னாலேயே இவள் அதன் எதிரில் போய் நின்றிருக்கக்கூடாதா? அன்றைக்கு ஏழு மாடி ஏறிவந்து வாசலிலேயே உட்கார்ந்து மாரைத் தேய்த்துக்கொண்டிருந்தாய். வாயு என்று ஓமத்தண்ணீர் கொடுத்தேன். குடித்தாய். கேமரா உள்ளே இருப்பதைப் பார்த்ததும் சிரித்தாய். அவ்வளவுதான், சரியாகிவிட்டது.

அன்று சாயங்காலம்தான் ஊவே புதுசாக ஒரு கூத்துப் பண்ணினான். கேமராவை அணைத்தாயிற்று, கிளம்ப வேண்டியதுதானே? இல்லை, வீட்டின் அமைதியைப் பதிவு பண்ணணுமாம். யாரும் பேசக்கூடாது, அசையக்கூடாது, அவன் கையை இறக்கும் வரைக்கும். அமைதி! இந்த வீட்டில்! பிலோமினா வீட்டு டிவி ஒரு பக்கம், மேல்வீட்டுக் குழாய் ஒரு பக்கம். கேமரா இல்லை என்றதும் நீ எக்கியிருந்த தொப்பையைத் தளர்த்திவிட்டு என் பக்கத்தில் பாயில் உட்கார்ந்தாய். உட்கார்ந்தவன் சும்மா இருந்தாயா? பள்ளிக்கூடத்துப் பிள்ளை மாதிரி நெளிந்தாய். தொடையில் ஒரு தட்டுத் தட்டிவைத்தேன், விருந்தாளிகள் எதிரில் மானத்தை வாங்காதே என்று. அவன் கையை இறக்கினான், கீழே லாரி ஹாரன் அடித்தது, நான் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஓடிவிட்டேன்.

அதற்கு மறுநாளுக்கு மறுநாள் டீக்கடை.


பிப்ரவரி 14

நான் ஒரு வேலை ஆரம்பித்திருக்கிறேன். கேட்டால் நீ விழுந்து விழுந்து சிரிப்பாய்.

அவர்கள் சட்டம் என்ன? கேமராவைப் பார்க்கக்கூடாது. நான் பார்க்கிறேன். வெண்டைக்காய் நறுக்கினால் அதைப் பார்த்துக்கொண்டே நறுக்குகிறேன். சோறு வடித்தால் அதைப் பார்த்துக்கொண்டே வடிக்கிறேன், கஞ்சி காலில் ஊற்றியும் கண்ணை எடுக்கவில்லை. கோபமாக எல்லாம் இல்லை. பஸ்ஸில் எதிர் சீட்டுக்காரியைப் பார்க்கிற மாதிரி சும்மா ஒரு பார்வை. அவள் செய்கிறதைத்தான் நானும் செய்கிறேன்.

ஆதிரை வந்து கெஞ்சினாள். "அக்கா, ப்ளீஸ், கேமராவைப் பாக்காதீங்க."

"எங்க பாப்பா கேமரா? நீங்கதான் இல்லியே."


பிப்ரவரி 15

பார்த்தேன்.


பிப்ரவரி 16

வேலைக்குப் போக ஆரம்பித்துவிட்டேன். கம்பெனியில் மாப் போடும்போது சூப்பர்வைசர், "துக்கமெல்லாம் முடிஞ்சிதாம்மா?" என்றார். லீவு முடிந்துவிட்டது சார் என்றேன்.

ஹெல்கா அங்கேயும் வந்தாள். அங்கேயும் பார்த்தேன். தரை நனையாமல் காற்றிலேயே மாப் போட்டிருக்கிறேன் போல, சூப்பர்வைசர் சத்தம் போட்டார்.


பிப்ரவரி 19

விஷயம் பரவிவிட்டது. பிலோமினா வாய் வாயா, இல்லை ஒலிபெருக்கியா?

"இன்னாக்கா, கேமராவை அந்த மொறை மொறைக்கிற?" என்று கேட்டாள். காரணத்தைச் சொன்னேன். "செத்த மனுசனைப் பாக்கணும்னு பொஞ்சாதி கேக்கறா, அது கூடாதாமா? இவங்க ஊர்ல எழவே விழாதா?" என்றவள் நேராகக் கீழே இறங்கினாள்.

இன்று காலை லாரி வந்தது. ஹெல்கா கேமராவைத் தோளில் வைத்தாள். வரிசையில் நின்றவர்கள் எல்லோரும், கிழவிகள், கைப்பிள்ளைக்காரிகள், லாரி டிரைவர் உள்பட, ஒன்றாகத் திரும்பி அவளைப் பார்த்தார்கள். யாரும் சிரிக்கவில்லை. குடங்கள் பாட்டுக்கு நிரம்பி வழிந்தன. இந்தக் குடியிருப்பில் ரேஷன் கடைக்கு, குப்பைத் தொட்டிக்கு, தெருவிளக்குக்கு என்று எத்தனையோ முறை ஒன்றுசேரப் பார்த்தோம், ஒரு தடவை முடிந்ததில்லை. நீ ஒருத்தன் முகத்துக்காக நடந்துவிட்டது.

ஹெல்கா கொஞ்ச நேரம் எடுத்தாள். அப்புறம் கேமராவை இறக்கிவிட்டுத் தரையைப் பார்த்தாள். பார்க்கிறவளைப் பார்த்தால் கஷ்டமாகத்தான் இருக்கும் போலிருக்கிறது.


பிப்ரவரி 21

கேமரா இல்லாமல் வந்தாள். முதல் தடவையாகப் பாயில் உட்கார்ந்தாள். டீ போட்டுக் கொடுத்தேன். கோட்டுப் போட்ட உன் போட்டோவை வெகுநேரம் பார்த்தாள்.

"இது அவர் மாதிரி இல்லை" என்று சொன்னதாக ஆதிரை சொன்னாள்.

"அதத்தானம்மா நானும் சொல்றேன்."

ஹெல்கா பழைய பாட்டையே பாடினாள், இந்த முறை சுருதி குறைவாக. ஒருத்தருக்குக் காட்டினால் எல்லோருக்கும் காட்டணும், பார்த்தவர்கள் மாறிவிடுவார்கள், முப்பது வருஷமாக இப்படித்தான் வேலை செய்கிறேன் என்று.

நான் சொன்னேன். "பாப்பா, தெளிவா சொல்லு அவங்களுக்கு. இவரு இனிமே மாற மாட்டாரு. கியாரண்டி."

ஆதிரை சொல்ல ஆரம்பித்தாள், பாதியில் மூக்கைச் சிந்த எழுந்து போய்விட்டாள். மீதியை ஊவே சொல்லி முடித்தான். அவனுக்கு எப்படி விளங்கியதோ.

ஹெல்கா டீயைக் குடித்து முடித்தாள். டம்ளரை அவளே கழுவி வைத்தாள். கேமரா இல்லாமல்.


பிப்ரவரி 24

பார்த்துவிட்டேன்.

லேப்டாப்பைக் கொண்டுவந்து உன் டிரங்குப்பெட்டி மேல் வைத்தார்கள். பிலோமினா மல்லிப்பூ வைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்தாள், மேட்னி ஷோவுக்கு வந்த மாதிரி.

நீ வந்தாய். மச்சம் இடது பக்கம்.

அதற்கப்புறம் வந்தது நீ இல்லை. பவுடர் போட்ட ஒரு ஆள் பாத்திரம் தேய்க்கிறார். குண்டானின் அடியில் கரி அப்படியே இருக்கிறது. பவுடர் போட்ட ஆள் எட்டாம் மாடிக் கிழவிக்குக் குடம் தூக்குகிறார். அந்தக் கிழவியைப் பார்த்தாலே நீ கக்கூசில் போய் ஒளிந்துகொள்வாயே, கதை பேசியே அறுக்கிறாள் என்று. அப்புறம் என்னைப் பார்த்து அந்த ஆள், "தேசம்மா, நீ சாப்பிட்டாயா?" என்று கேட்கிறார். சாப்பிட்டாயாவாம்! டிவி சீரியல் மாப்பிள்ளை கெட்டான். "இன்னாமே, துன்னியா" என்று ஒரு நாள் கேட்டிருப்பாயா? கேட்டதில்லை. அதைப் பார்க்கிறபோதே படத்தில் இருக்கிற நானும் தலையைக் குனிந்து, "நீங்க சாப்பிடுங்க முதல்ல" என்கிறேன். கருமம். நானும் நடித்திருக்கிறேன்.

ஹெல்கா சொன்னாள், அவர் ரொம்ப மென்மையான மனிதர் என்று. பிலோமினா வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டாள். எனக்கும் சிரிப்பு வந்து, இருமலாகி, தண்ணீர் குடிக்கவேண்டியதாகிவிட்டது. அப்புறம், "ஆமா" என்றேன். உன் மானத்தை ஜெர்மனி வரைக்கும் வாங்கணுமா?

அரிசி மூட்டையோடு நீ ஏறிவந்ததும் வந்தது. வாசலில் உட்காருகிறாய். மாரைத் தேய்க்கிறாய். முகம் கொஞ்சம் கோணிக்கொண்டு போகிறது. அப்புறம் கேமராவைப் பார்க்கிறாய், சிரிக்கிறாய். ஹெல்கா அந்த இடத்தில் என்னவோ சொல்ல வந்தாள். ஆதிரை அதைத் தமிழாக்காமல் என்னையே பார்த்தாள்.

"சட்டை நல்லா இருக்குல்ல பாப்பா? பொங்கலுக்கு எடுத்தது. அடுத்தது போடு" என்றேன்.

ஆதிரை ஒரு காகிதக் கைக்குட்டை நீட்டினாள். லேப்டாப்பில் உன் முகத்தின் மேல் தூசு இருந்தது. கைக்குட்டையை வாங்கி அதைத் துடைத்துவிட்டேன். எவ்வளவு விலையுள்ள பெட்டி, ஒரு துணி போட்டு மூடி வைக்கக்கூடாதா?

கடைசியில் கேட்டேன், "அவரு நடிக்காம இருக்கறது ஒண்ணுகூடவா இல்ல?"

ஹெல்கா தலையாட்டினாள். இல்லை. அவர் ஒரு தடவைகூட கேமராவை மறக்கவில்லை என்றாள். சொல்லும்போது, தோற்றுப்போனவள் மாதிரி இருந்தாள். எனக்கே பாவமாகிவிட்டது.


பிப்ரவரி 25

கருவாட்டுக்குழம்பு வைத்தேன். உப்பு அதிகம். குறை சொல்ல ஆளில்லை. இரண்டு வேளையும் அதையே சாப்பிட்டேன்.


பிப்ரவரி 26

ஊவே தனியாக வந்தான், ஆதிரையை மட்டும் கூட்டிக்கொண்டு. அன்றைக்கு ஆதிரை விட்ட மீதியைச் சொல்லி முடித்ததைத் தவிர, இத்தனை மாதமும் அவன் வாயைத் திறந்து நான் கேட்டதில்லை. கேட்கிறதுதான் அவன் உத்தியோகம்.

"ஒண்ணு இருக்குன்னு சொல்றார்க்கா. படம் இல்ல. சத்தம் மட்டும். அன்னைக்கு எல்லாரையும் அசையாம உக்காரச் சொன்னாரே, அது. ஒவ்வொரு வீட்டோட அமைதியும் வேற வேற மாதிரி இருக்குமாம். படத்தை வெட்டி ஒட்டும்போது அடியில போட வேணும்னு எடுத்தது. அதுல கேமரா இல்லல்ல, அதனால அவர் நடிக்கல."

பாயில் உட்காரச் சொன்னான். அன்றைக்கு நாம் உட்கார்ந்த அதே இடம். அவனுடைய ஹெட்போனைக் கழற்றி என் காதில் மாட்டினான். இன்னும் அவன் காதுச் சூடு இருந்தது.

முதலில் ஒன்றுமில்லை. அப்புறம் நம் ஃபேன், அந்த மூன்றாவது சுற்றில் ஒரு டக்கோடு. மேல்வீட்டுக் குழாய். பிலோமினா வீட்டு டிவியில் எவளோ அழுகிறாள். தூரத்தில் நாய். புறா ஜன்னலில் உறுமுகிறது. நான் சிரிப்போடுதான் கேட்டுக்கொண்டிருந்தேன், நல்ல அமைதிடா சாமி என்று.

அப்புறம் நீ. மூச்சு. மூக்கின் விசில். வேறு யாருக்கு அந்த விசில் வரும்? என் வலது காதில், இவ்வளவு கிட்டத்தில். திரும்பிப் பார்த்துவிட்டேன். பாய் காலி. ஆதிரை எழுந்து ஜன்னல் பக்கம் போய்விட்டாள்.

விசில் வருகிறது, போகிறது, வருகிறது. நீ கால் மாற்றுகிறாய், பாய் சரசரக்கிறது. பிறகு பெரிதாக ஒரு இழு. நாக்கு மேலே ஒட்டி 'டக்'.

அப்புறம் வளையல் சத்தம். கண்ணாடி வளையல்.

அதோடு நீ அடங்கிவிட்டாய். ஃபேன், குழாய், புறா. முடிந்தது.

திரும்பப் போடச் சொன்னேன். போட்டான். திரும்பவும். எத்தனை தடவை கேட்டாலும் முகம் சுளிக்காமல் போட்டான். பட்டனை எப்படித் தட்டுவது என்று காட்டிவிட்டு, வெளியே நடையில் போய்ச் சம்மணம் போட்டு உட்கார்ந்துகொண்டான். ஒவ்வொரு முறையும் இழு, டக், வளையல். நூறு முறை போட்டாலும் 'டக்'குக்கு அப்புறம் வளையல்தான் வரும் என்று தெரிந்ததும் கழற்றிக் கொடுத்துவிட்டேன்.

எவள் போட்டிருந்தாளோ அந்த வளையலை. நல்ல கணீரென்ற சத்தம்.


பிப்ரவரி 27

கிளம்பிவிட்டார்கள். பெட்டிகளை இறக்கும்போது லிஃப்ட் நின்றுபோனது, நாலாம் மாடிக்கும் மூன்றாம் மாடிக்கும் நடுவில். ஹெல்கா உள்ளேயே மாட்டிக்கொண்டாள். ஊவே கைதட்டிச் சிரித்தான். கடைசியில் அவளுக்கு வேண்டிய லிஃப்ட் அவளுக்குக் கிடைத்துவிட்டது, ஆனால் கேமரா வண்டியில் இருந்தது.

வெளியே வந்து என்னைக் கட்டிப்பிடித்தாள். படத்தில் உன்னை என்ன செய்யப்போகிறாள் என்று ஆதிரையை விட்டுக் கேட்டேன். "தெரியவில்லை" என்றாள். கேள்வி கேட்டால் பதில்தான் கிடைக்கும் என்றவளிடம் அதுகூட இல்லை.

ஊவே ஒரு சின்ன அட்டையில் அந்தச் சத்தத்தைப் போட்டுக் கொடுத்தான். நகத்தளவு இருக்கிறது. நம் போனில் அதைச் செருக வழியில்லை. கோட்டுக்காரர் போட்டோவின் சட்டத்தில் செருகி வைத்திருக்கிறேன். அவருக்கும் ஒரு வேலை இருக்கட்டும்.


பிப்ரவரி 28

வீட்டில் யாருமில்லை. நிஜமாகவே இல்லை. சமைக்கும்போது நானாகவே அந்த மூலையைப் பார்த்தேன், யாராவது பார்க்கிறார்களா என்று. புறாதான் இருந்தது.

ஃபேனை நிறுத்திவிட்டுப் பாயில் உட்கார்ந்தேன். பிலோமினா டிவியை அணைத்துவிட்டாள். கேட்காமலே அணைத்துவிட்டாள், அவளுக்கும் சில சமயம் புத்தி வரும். நானும் பேசவில்லை, அசையவில்லை. உன் முறை.

காலையிலிருந்து யோசித்துக்கொண்டிருக்கிறேன். வெங்காயம் தீர்ந்துவிட்டது என்று சொல்ல வந்திருப்பாய். அல்லது அந்த ஊவேயின் தலைமுடியைப் பற்றி ஏதாவது நக்கல். வண்டியின் பின் சக்கரத்தில் காற்று இறங்குகிறது என்று முந்தின நாள் ஆரம்பித்துப் பாதியில் விட்டாய், அதுவாகவும் இருக்கலாம். மார் இன்னும் வலிக்கிறது என்று, இல்லை, அதுவாக இருக்காது. ஓமத்தண்ணீர்தான் குடித்தாயே. சிரித்தாயே.

அநேகமாக வெங்காயம்தான். இல்லையென்றால் வழக்கம்போல ஒன்றுமில்லாமல் புஸ்ஸென்று போயிருக்கும். போகட்டும், போனால் என்ன, தலையைச் சொறிந்துகொண்டு "இன்னாவோ சொல்ல வந்தேனே" என்றாவது சொல்லியிருப்பாய். அதையாவது அந்தப் பூனை கேட்டிருக்கும்.

இப்போது லாரி இல்லை. விருந்தாளி இல்லை. கையில் வளையலும் இல்லை. நான் எங்கேயும் ஓடப்போவதில்லை.

ஏ புஸ்வாணம், அன்னிக்கி இன்னா சொல்ல வந்தே?